கோர்ட் சொன்ன ஆப், கையில் இல்லாத சந்தா

பிரிந்துவிட்ட அப்பாவும் அம்மாவும் பிள்ளையைப் பற்றிப் பேச வாட்ஸ்அப்பைத் திறந்தால், பள்ளிக்கூடச் சட்டையில் தொடங்கிய பேச்சு பத்து வருடத்துக்கு முந்தைய கல்யாணச் செலவில் போய் நிற்கும். அதனால்தான் தென்னாப்பிரிக்காவில் சில வக்கீல்களும் மத்தியஸ்தர்களும் பேரண்டிங் பிளானில், அதாவது பிள்ளையை எப்படி வளர்ப்பது என்று பிரிந்த பெற்றோர் எழுதிக்கொள்ளும், கோர்ட் உத்தரவாகவும் ஆக்கக்கூடிய திட்டத்தில், ஒரு வரி சேர்க்கிறார்கள்: “இனி இருவரும் இந்த ஆப் வழியாக மட்டுமே பேச வேண்டும்.” நல்ல வரிதான். பிரிந்த பெற்றோர் பேசுவதற்கென்றே உள்ள இந்த வகை ஆப்பில் அனுப்பிய செய்தியைத் திருத்த முடியாது, அழிக்கவும் முடியாது. எப்போது அனுப்பினார்கள், எப்போது திறந்து பார்த்தார்கள் என்பது நிமிடக் கணக்கில் பதிவாகும். நாள்காட்டியும் செலவுக் கணக்கும் ரசீதும் ஒரே இடத்தில் இருக்கும். பிறகு கோர்ட்டுக்குப் போனால் யார் சொன்னது சரி என்ற வாக்குவாதமே பாதி குறைந்துவிடும்.

அந்த வரியில் இல்லாதது ஒன்று: சந்தாவை யார் கட்டுவது?

இந்த ஆப்களில் பெயர்பெற்றது அவர்ஃபேமிலிவிசார்ட். அமெரிக்காவின் மினசோட்டாவில் 2001இல் தொடங்கியது. குடும்பத்துக்கு ஒரு சந்தா என்று அங்கே கிடையாது. அப்பாவுக்கு ஒன்று, அம்மாவுக்கு ஒன்று. விலையும் டாலரில். ஒரு ஆளுக்கு ஆண்டுக்கு 150 டாலர் என்று வைத்துக்கொள்வோம். டாலருக்கு 18 ராண்ட் கணக்கில் அது 2,700 ராண்ட். வெளிநாட்டுப் பணத்தில் கட்டுவதற்கு வங்கி தனியாக ஒரு தொகை பிடித்துக்கொள்ளும். பிள்ளைக்கான சாஸா (அரசின் சமூக உதவி முகமை) உதவித்தொகை 2025 ஏப்ரலில் மாதம் 560 ராண்டாக இருந்தது. அப்படியென்றால் ஐந்து மாத உதவித்தொகை கிட்டத்தட்ட முழுசாக ஒரு ஆப்புக்கே போகிறது. டர்பனின் சாட்ஸ்வொர்த்திலோ ஃபீனிக்ஸிலோ தனியாகப் பிள்ளை வளர்க்கும் ஒரு தாய்க்கு இது சின்னப் பணம் இல்லை.

வருமானம் குறைந்தவர்களுக்குக் கட்டண விலக்கு உண்டு என்பது பலருக்குத் தெரிவதில்லை. ஆப்பின் முகப்பில் அது கண்ணில் படாது. உதவிப் பக்கத்தில் தேடினால்தான் கிடைக்கும், அல்லது வாடிக்கையாளர் சேவைக்கு எழுதிக் கேட்க வேண்டும். கேட்பதற்குக் கூச்சப்பட எதுவும் இல்லை. இது தர்மம் கேட்பது ஆகாது. உத்தரவைக் கடைப்பிடிக்க நீங்கள் எடுக்கும் முயற்சி. சட்டத்திலும் அதற்கு மதிப்பு இருக்கிறது. ஏன் என்று பின்னால் வரும்.

தென்னாப்பிரிக்கர்கள் முதலில் முட்டிக்கொள்வது விண்ணப்பத்தில்தான். அந்தப் படிவங்கள் அமெரிக்கக் கோர்ட்டுகளை மனதில் வைத்து எழுதப்பட்டவை. “கோர்ட் கட்டணத்திலிருந்து உங்களுக்கு விலக்கு தந்த உத்தரவை இணைக்கவும்” என்று கேட்பார்கள். நம் ஊரில் சில்ட்ரன்ஸ் கோர்ட்டில் மனுப் போடக் கட்டணமே இல்லை. மெஜிஸ்ட்ரேட் கோர்ட்டில் பராமரிப்புத் தொகை கேட்டு மனுப் போடுவதற்கும் கட்டணம் இல்லை. பிரிந்த குடும்பங்களில் பிள்ளையின் நலனைப் பார்க்கும் அரசு வக்கீலான ஃபேமிலி அட்வகேட்டின் அலுவலகச் சேவையும் இலவசம். கட்டணமே இல்லாத இடத்தில் விலக்கு உத்தரவு எங்கிருந்து வரும்? ஆனால் மினசோட்டாவில் விண்ணப்பத்தைப் படிப்பவருக்கு இது தெரியாது. கேட்ட தாள் இல்லை என்று பார்த்ததும் “ஆவணம் போதவில்லை” என்று ஒரு பதில் வரும், நீங்களும் அதோடு விட்டுவிடுவீர்கள். அதற்கு இடம் கொடுக்காமல் கடிதத்தின் முதல் பத்தியிலேயே இதை விளக்கிவிட வேண்டும்.

அந்தத் தாளுக்குப் பதிலாக வைக்க நம்மிடம் நல்ல ஆவணங்கள் உண்டு. அரசின் சட்ட உதவி அமைப்பான லீகல் எய்ட் சவுத் ஆப்பிரிக்கா உங்கள் வழக்கை எடுத்திருந்தால் அவர்கள் தந்த கடிதம்தான் எல்லாவற்றிலும் வலுவானது. வருமானத்தையும் சொத்தையும் அவர்கள் ஏற்கெனவே சோதித்துப் பார்த்துத்தான் எடுத்திருப்பார்கள். கடிதம் கைவசம் இல்லையென்றால் 0800 110 110 என்ற இலவச எண்ணில் கூப்பிட்டு எப்படி வாங்குவது என்று கேட்கலாம். அடுத்தது சாஸா உதவித்தொகை வாங்குவதற்கான சான்று. வேலை போயிருந்தால் யுஐஎஃப் (வேலையின்மைக் காப்பீட்டு நிதி) தாள்கள். வேலையில் இருந்தால் கடைசி மூன்று மாத பே ஸ்லிப்பும் அதே மூன்று மாத பேங்க் ஸ்டேட்மென்டும். வீட்டில் சமோசா போட்டு விற்பவர், தையல் வேலை செய்பவர், அவ்வப்போது கிடைக்கும் வேலைக்குப் போகிறவர் இவர்களுக்கெல்லாம் பே ஸ்லிப் கிடையாது. அவர்களுக்கு அஃபிடவிட்தான் வழி.

அஃபிடவிட்டில் கொஞ்சம் நிற்க வேண்டியிருக்கிறது. தவறு அதிகம் நடப்பது இங்கேதான். எந்தப் போலீஸ் ஸ்டேஷனிலும் பணம் கொடுக்காமல் செய்துகொள்ளலாம். வீட்டில் எழுதி எடுத்துப் போங்கள், ஆனால் கையெழுத்து மட்டும் போடாதீர்கள். அதிகாரியின் கண்முன்னே சத்தியம் செய்து, அங்கேதான் போட வேண்டும். முன்பே போட்டுக்கொண்டு போனால் நல்ல அதிகாரி திருப்பி அனுப்புவார். கவனிக்காதவர் ஸ்டாம்ப் அடித்துக் கொடுத்துவிடுவார், பின்னால் எதிர்த்தரப்பு வக்கீல் அதைப் பிடித்துக்கொள்வார். ஒவ்வொரு பக்கத்தின் கீழேயும் நீங்களும் அதிகாரியும் சுருக்கொப்பம் இட வேண்டும். கடைசிப் பக்கத்தில் அவருடைய முழுப்பெயர், பதவி, ஸ்டேஷன் முகவரி, தேதி எல்லாம் தெளிவாகத் தெரிகிறதா என்று கவுண்டரை விட்டு நகருவதற்கு முன்பே பாருங்கள். மை வற்றிய ஸ்டாம்ப் போனில் எடுக்கும் ஸ்கேனில் வெறும் நிழலாகத்தான் விழும். இன்னொரு முறை அடித்துத் தரச் சொல்லிக் கேட்பதில் தப்பில்லை.

உள்ளே எழுத வேண்டியது ஆறேழு வரிதான்: யார் நீங்கள், எத்தனை பிள்ளைகள் உங்களோடு இருக்கிறார்கள், மாதம் கையில் எவ்வளவு வருகிறது, எங்கிருந்து வருகிறது, வாடகை, மின்சாரம், சாப்பாடு, பள்ளி வேன் எல்லாம் போக எவ்வளவு மிஞ்சுகிறது. தொகையை ராண்டில் எழுதிப் பக்கத்திலேயே டாலரிலும் போடுங்கள். மாதத்துக்கா ஆண்டுக்கா என்பதை ஒவ்வொரு தொகைக்கும் எழுதுங்கள். 6,500 என்று மட்டும் போட்டால் அது மாதம் 6,500 டாலர் என்று படிக்கப்பட்டு விண்ணப்பம் தள்ளுபடியாகிவிடக்கூடும். பெரியம்மா மாதாமாதம் 500 ராண்ட் உதவுகிறார் என்றால் அதையும் எழுதுங்கள். பேங்க் ஸ்டேட்மென்டில் தெரிகிற பணம் அஃபிடவிட்டில் இல்லாமல் போனால் மற்ற வரிகளின் மேலும் சந்தேகம் வரும்.

பெயர் இன்னொரு சிக்கல். ஐடியில் கல்யாணத்துக்குப் பின் வந்த குடும்பப்பெயர் இருக்கும். பே ஸ்லிப்பில் பிறந்த வீட்டுப் பெயர். ஆப்பில் கணக்கு தொடங்கியது வீட்டில் கூப்பிடும் பெயரில். உத்தரவில் உள்ள பெயரும் ஆப் கணக்கின் பெயரும் எழுத்துக்கு எழுத்து ஒத்துப்போக வேண்டும். மற்றத் தாள்களில் வேறு பெயர் இருந்தால், “இந்த இரண்டு பெயரும் என்னையே குறிக்கும்” என்று அஃபிடவிட்டில் ஒரு வரி சேர்த்தால் போதும்.

கடிதம் ஆங்கிலத்தில்தான் போக வேண்டும். சாரம் இப்படி இருக்கலாம்:

“நான் தென்னாப்பிரிக்காவில் வசிக்கிறேன். இணைத்துள்ள உத்தரவின் நான்காம் பத்தி உங்கள் ஆப்பைப் பயன்படுத்தும்படி எனக்குச் சொல்கிறது. என் மாத வருமானம் இவ்வளவு ராண்ட், ஏறக்குறைய இவ்வளவு டாலர். எங்கள் நாட்டின் சில்ட்ரன்ஸ் கோர்ட்டில் மனுக் கட்டணம் கிடையாது. அதனால் கட்டண விலக்கு உத்தரவு என்று ஒரு ஆவணம் எங்களுக்குத் தரப்படுவதில்லை. அதற்குப் பதிலாக அரசு உதவித்தொகைச் சான்றையும், போலீஸ் அதிகாரி முன்னிலையில் சத்தியம் செய்த அஃபிடவிட்டையும் இணைக்கிறேன். என் கணக்குக்கு மட்டும் பன்னிரண்டு மாதக் கட்டண விலக்கு கேட்கிறேன். இன்ன தேதிக்குள் கணக்கைத் தொடங்க வேண்டும் என்று உத்தரவு சொல்வதால், அதற்கு முன் பதில் தந்தால் உதவியாக இருக்கும்.”

“என் கணக்குக்கு மட்டும்” என்ற சொல் முக்கியம். உங்களுக்குக் கிடைக்கும் விலக்கு பிள்ளையின் மற்றப் பெற்றோருக்குப் போகாது. அவருக்கு நல்ல சம்பளம் என்பதற்காக உங்கள் விண்ணப்பம் தள்ளுபடியாகவும் கூடாது. இரண்டு கணக்கும் தனித்தனி என்பதை அவர்களுக்கு நினைவூட்டத்தான் அந்தச் சொல்.

எல்லாவற்றையும் ஒரே பிடிஎஃப் ஆக்குங்கள். கடிதம் முதலில், பிறகு உத்தரவின் முதல் பக்கமும் ஆப்பைப் பற்றிச் சொல்லும் பக்கமும், பிறகு வருமானச் சான்றுகள். உத்தரவு முழுவதையும் அனுப்பத் தேவையில்லை. பிள்ளையின் பெயர், பள்ளியின் பெயர், ஐடி எண்ணின் பெரும்பகுதி, கடைசி நான்கு இலக்கம் தவிர வங்கிக் கணக்கு எண் இவற்றை அனுப்பும் முன் மறைத்துவிடுங்கள். போனில் பேனாக் கருவியால் மேலே கறுப்புக் கோடு இழுத்தால் அடியில் உள்ள எழுத்து சில சமயம் அப்படியே இருக்கும். தாளிலேயே கறுப்பு மார்க்கரால் அடித்து, நகல் எடுத்து, அந்த நகலை ஸ்கேன் செய்வதே பத்திரம்.

பதில் வரும்வரை பணம் கட்டாதீர்கள். விலக்கு வழக்கமாக அன்றிலிருந்து முன்னோக்கித்தான் செல்லும். கட்டிய பணம் திரும்பி வரும் என்று நம்பக்கூடாது. அதைவிட மோசம், ஆப் ஸ்டோர் வழியாகவோ கூகுள் பிளே வழியாகவோ சந்தாவை வாங்கிவிடுவது. அப்படி வாங்கினால் பணம் போவது ஆப்பிளுக்கு அல்லது கூகுளுக்கு. ரத்து செய்வதும் பணத்தைத் திருப்பிக் கேட்பதும் அவர்களிடம்தான். ஆப் நிறுவனம் தன் பக்கத்தில் விலக்கு தந்தாலும் ஸ்டோர் வழிச் சந்தா தன் பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கும். போனிலிருந்து ஆப்பை அழித்தாலும் சந்தா நிற்காது. ஸ்டோரில் சந்தாப் பட்டியலுக்குப் போய் அங்கே நிறுத்த வேண்டும். ஆகவே கணக்கை நிறுவனத்தின் வலைத்தளத்திலேயே தொடங்குங்கள். இலவச முன்னோட்டக் காலம் என்று கார்டு எண் கேட்டால், அது முடிகிற தேதியை முதலில் குறித்துக்கொள்ளுங்கள்.

இதற்கிடையில் உத்தரவு சொன்ன கெடு வந்துவிட்டால்? சும்மா இருந்துவிடாதீர்கள். விண்ணப்பித்த அன்றே மற்றவருக்கோ அவருடைய வக்கீலுக்கோ இரண்டு வரி எழுதுங்கள்: இன்ன தேதியில் விலக்குக் கேட்டிருக்கிறேன், பதில் வரும்வரை இந்த மின்னஞ்சலில் பிள்ளை விஷயங்களைப் பேசலாம். விண்ணப்பம் கிடைத்தது என்று நிறுவனத்திலிருந்து வந்த தானியங்கிப் பதிலையும் சேர்த்து அனுப்புங்கள். மேலே சொன்ன சட்ட மதிப்பு இதுதான். கோர்ட் அவமதிப்பு என்று நிரூபிக்க, உத்தரவு இருந்தது, அது உங்களுக்குத் தெரிந்திருந்தது, நீங்கள் அதைச் செய்யவில்லை என்பதோடு முடிவதில்லை. வேண்டுமென்றே, கெட்ட நோக்கத்தோடு மீறினார் என்பதும் வேண்டும். 2006ஆம் ஆண்டு ஃபேக்கி வழக்கில் சுப்ரீம் கோர்ட் ஆஃப் அப்பீல் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. ஆனால் முதல் மூன்றும் தெரிந்துவிட்டால், வேண்டுமென்று செய்யவில்லை என்பதற்கு ஆதாரம் காட்டும் வேலை மீறியவர் தலையில் வந்து விழுகிறது. தேதி போட்ட விண்ணப்பமும் அதற்கு வந்த மறுப்புக் கடிதமும்தான் அந்த ஆதாரம். மறுப்புக் கடிதம் வந்தாலும் தூக்கிப் போடாதீர்கள். கிடைக்காத விலக்கும் கோப்பில் ஒரு நல்ல தாள்.

இத்தனையும் பின்னால் ஓடி ஓடிச் செய்யும் வேலை. திட்டம் எழுதும்போதே பணத்தைப் பற்றிப் பேசிவிட்டால் பாதி குறையும். 2005ஆம் ஆண்டின் 38ஆம் எண் சில்ட்ரன்ஸ் ஆக்ட் பிரிவு 33 பேரண்டிங் பிளானைப் பற்றியது. பெற்றோர் கோர்ட்டுக்கு ஓடுவதற்கு முன் ஃபேமிலி அட்வகேட், சமூகப் பணியாளர், உளவியலாளர் அல்லது மத்தியஸ்தரின் உதவியோடு திட்டத்தில் உடன்படப் பார்க்க வேண்டும் என்று அது சொல்கிறது. பிரிவு 34 அது எழுத்தில் இருக்க வேண்டும், கையெழுத்து இருக்க வேண்டும் என்கிறது. ஃபேமிலி அட்வகேட்டிடம் பதிவு செய்யலாம் அல்லது கோர்ட் உத்தரவாக்கலாம். இந்த இரண்டுக்கும் பின்னால் பெரிய வித்தியாசம் உண்டு. பதிவு மட்டும் செய்த திட்டத்தை இருவரும் சேர்ந்து விண்ணப்பித்தால் ஃபேமிலி அட்வகேட்டே மாற்றித் தருவார். உத்தரவாகிவிட்ட திட்டத்தைக் கோர்ட்தான் மாற்ற முடியும். அதனால் ஒரே ஒரு ஆப்பின் பெயரை மட்டும் உத்தரவில் பதித்துவிடுவது புத்திசாலித்தனம் இல்லை. நாளைக்கு விலை ஏறலாம், அந்த நிறுவனமே மூடலாம்.

சேர்க்க வேண்டிய வரிகள் ஏறத்தாழ இவை. இருவரும் இந்த ஆப்பையோ, எழுத்தில் ஒத்துக்கொண்ட இதே போன்ற வேறொன்றையோ பயன்படுத்துவார்கள். கையெழுத்திட்ட 14 நாளுக்குள் இருவரும் கணக்குத் தொடங்குவார்கள். கட்டண விலக்குக்குத் தகுதியானவர் அந்த 14 நாளுக்குள் விண்ணப்பிப்பார். விலக்கு கிடைக்காவிட்டால் அவருடைய சந்தாவை இருவரும் வருமான விகிதத்தில் பகிர்ந்துகொள்வார்கள். கணக்கு இயங்காத நாட்களில் இன்ன மின்னஞ்சலில் பேசுவார்கள். சந்தா பாக்கி என்ற காரணத்தால் பிள்ளையைப் பார்க்கும் நாள் எதுவும் நிற்காது.

கடைசி வரியைக் கட்டாயம் எழுத வேண்டும். “ஆப்பில் சேராதவருக்குப் பிள்ளையைக் காட்ட மாட்டேன்” என்று நிற்பது ஆபத்து. கோர்ட் உத்தரவிலோ, அமலுக்கு வந்த பெற்றோர் பொறுப்பு, உரிமை ஒப்பந்தத்திலோ உள்ள சந்திப்பை மறுப்பது சில்ட்ரன்ஸ் ஆக்ட் பிரிவு 35இன்படி குற்றம். அபராதமோ ஓராண்டு வரை சிறையோ உண்டு. சந்தாப் பணத்தைப் பராமரிப்புத் தொகைக்குள் மறைத்து வைப்பதும் வேண்டாம். பராமரிப்பு பிள்ளையின் சாப்பாட்டுக்கும் படிப்புக்கும். இரண்டையும் கலந்தால் பிறகு எது பாக்கி என்று பிரித்துப் பார்க்க முடியாது.

ஆப் கையில் வந்ததும் முதல் வேலை நாள்காட்டி. பள்ளி விடுமுறைகள் நான்கும் முன்பே தெரிந்தவை. தீபாவளி இங்கே அரசு விடுமுறை இல்லை, தைப்பூசமும் இல்லை. தேதியும் வருடத்துக்கு வருடம் நகரும். அதனால் திட்டத்தில் “தீபாவளி” என்ற சொல் மட்டும் இருந்து தேதி இல்லாமல் போனால் சண்டை நிச்சயம். காவடி எடுக்கும் குடும்பத்துக்கு அன்றைய ஒரு நாள் போதாது. விரத நாட்களும் சேரும். புரட்டாசியில் ஒரு வீட்டில் மரக்கறி மட்டும், இன்னொரு வீட்டில் கோழி என்றால் அதையும் இப்போதே பேசி எழுதுங்கள். மதம் சார்ந்த வளர்ப்பு பேரண்டிங் பிளானில் இடம்பெறலாம் என்று பிரிவு 33 பெயர் சொல்லியே குறிப்பிடுகிறது. ஜனவரியில் கோயில் பஞ்சாங்கத்தைப் பார்த்து அந்த ஆண்டின் தேதிகளை ஒரே மூச்சில் பதிந்துவிடுங்கள். பாட்டி வீட்டு விசேஷத்தையும் விடாதீர்கள்.

விலக்கு எந்த வழியிலும் கிடைக்கவில்லை என்றால் இலவசமாகவே ஓரளவு செய்துகொள்ளலாம். பிள்ளை விஷயத்துக்கென்றே இருவரும் ஒரு புது மின்னஞ்சல், பகிர்ந்த கூகுள் நாள்காட்டி, ரசீதுகளுக்கு ஒரு கோப்புறை. 2002ஆம் ஆண்டின் 25ஆம் எண் மின்னணுத் தொடர்பு மற்றும் பரிவர்த்தனைச் சட்டம், பிரிவு 15, மின்னணுச் செய்தி என்ற ஒரே காரணத்தால் ஒரு ஆதாரத்தைத் தள்ளக்கூடாது என்கிறது. ஆனால் அதற்கு எவ்வளவு கனம் தருவது என்பது, எப்படி உருவானது, எப்படிச் சேமிக்கப்பட்டது, யார் அனுப்பியது என்பதெல்லாம் எவ்வளவு நம்பத்தக்கது என்பதைப் பொறுத்தது. வெட்டி ஒட்டிய ஸ்கிரீன்ஷாட்டை விட மின்னஞ்சல் மேல். வாட்ஸ்அப்தான் வழி என்றால் மறையும் செய்திகள் அமைப்பை அணைத்துவிட்டு, மாதம் ஒருமுறை முழு உரையாடலையும் எக்ஸ்போர்ட் செய்யுங்கள். நீண்ட உரையாடல் எக்ஸ்போர்ட்டில் பழைய பகுதி வெட்டுப்படும். மாதாமாதம் எடுத்தால் அந்தக் கவலை இல்லை.

வீட்டில் அடி, மிரட்டல் இருந்து வெளியே வந்தவர்கள் இன்னும் நிதானமாகச் செய்ய வேண்டும். பாதுகாப்பு உத்தரவு எந்தத் தொடர்பும் கூடாது என்று சொன்னால் ஆப்பில் வரும் செய்தியும் தொடர்புதான். பிள்ளைக்காக ஆப் வேண்டுமென்றால் அதற்கு விதிவிலக்கு உத்தரவிலேயே எழுதப்பட வேண்டும், வாய்மொழியாக ஒத்துக்கொள்ளாதீர்கள். ஆப்புக்கு அவர் அறியாத மின்னஞ்சலையும் புதுக் கடவுச்சொல்லையும் வைத்து, பழைய கூகுள் அல்லது ஆப்பிள் குடும்பக் கணக்கிலிருந்து முதலில் வெளியேறுங்கள். இருப்பிடம் காட்டும் அனுமதியை ஆப்பில் அணைத்துவிடுங்கள். விலக்கு விண்ணப்பம் உங்களுக்கும் நிறுவனத்துக்கும் இடையிலானது என்றாலும், அதை ஆப்பில் இருவரும் பார்க்கும் கோப்புறையில் ஏற்றிவிடாமல் பாருங்கள். புது முகவரி அதில்தான் இருக்கும்.

விலக்கு கிடைத்தவர்கள் மறக்கக்கூடாத தேதி ஒன்று உண்டு. விலக்கு பெரும்பாலும் ஒரு ஆண்டுக்குத்தான், தானாகப் புதுப்பிக்காது. முடிவதற்கு ஆறு வாரம் முன்பு போனில் ஒரு நினைவூட்டல் வையுங்கள். அன்று புது பேங்க் ஸ்டேட்மென்ட் எடுத்து, புது அஃபிடவிட் செய்து அனுப்புங்கள். போன ஆண்டுத் தாள்களைத் திரும்ப அனுப்பினால் ஏற்காமல் போகலாம். அதே நாளில் கடந்த பன்னிரண்டு மாதச் செய்திகளையும் செலவுக் கணக்கையும் பிடிஎஃப் ஆக இறக்கி, போனிலும் மின்னஞ்சலிலும் ஒவ்வொரு நகல் வைத்துக்கொள்ளுங்கள். சந்தா முடிந்த கணக்கில் நுழைய முடியாமல் போகும்போதும் மற்றவர் எழுதும் செய்திகள் உள்ளே வந்து சேர்ந்துகொண்டிருக்கலாம். சனிக்கிழமை பிள்ளையைக் கூட்டிவர நேரம் மாற்றிய செய்தி அதில் ஒன்றாக இருந்தால், வாசலில் காத்து நிற்பது பிள்ளை. அதனால் கணக்கு நின்ற அன்றே, திட்டத்தில் எழுதிய அந்த மின்னஞ்சலுக்கு ஒரு வரி அனுப்பிவிடுங்கள்: “இன்றிலிருந்து இங்கே எழுதுங்கள், ஆப்பை என்னால் இப்போது திறக்க முடியவில்லை.”